திருத்தாத பிரதி

மாவட்ட அச்சகக்காரர்கள் சங்கத்தின் ஆண்டு மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று அதன் செயலாளர் போன மாதம் என் வீட்டுக்கு வந்தார். "பிடிஎஃப் திருட்டுக்கு எதிரா போலீஸ் வரைக்கும் போனது நம்ம பக்கத்துல உங்க ஆபீஸ் ஒண்ணுதான் மேடம். எப்படிப் போனீங்க, இன்னா பண்ணீங்கன்னு எழுதுங்க. நம்ம ஆளுங்களுக்கு ஒரு தெம்பா இருக்கும்," என்றார். சரி என்று சொல்லிவிட்டேன். எழுத உட்கார்ந்த பிறகுதான், தெம்பு தருகிற மாதிரி என்னிடம் எதுவும் இல்லை என்பது தெரிந்தது. நடந்ததை எழுதுகிறேன். போடுவதும் விடுவதும் அவர்கள் விருப்பம்.

நான் புரூஃப் ரீடர். தமிழ் படித்துவிட்டு ஆசிரியர் வேலைக்குக் காத்திருந்து பார்த்தேன், கிடைக்கவில்லை. ஆரணியிலேயே கல்யாணப் பத்திரிகை அடிக்கும் அச்சகம் ஒன்றில் சேர்ந்தேன். பட்டுக்கு ஊர் ஊராக ஜனம் வரும் இடம் என்பதால் பத்திரிகைக்கும் அங்கே குறைவில்லை. மாப்பிள்ளையின் தாத்தா பெயரில் ஒரு எழுத்து தவறினாலும் சண்டைக்கு வந்துவிடுவார்கள். நான் தொழில் பழகியது அந்தச் சண்டைகளில்தான்.

அதன் பிறகு ஜெயவேலு சாரின் பதிப்பகத்துக்கு வந்தேன். கடைசி வரை அங்கேதான் இருந்தேன். பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம், ஓர் அரிசி மண்டிக்கு மேல் மாடியில் ஆபீஸ். அரசு வேலைத் தேர்வு எழுதுகிறவர்களுக்கான கைடு புத்தகங்கள் போட்டோம். ஜெயவேலு சார் அதற்கு முன்பு டுடோரியல் நடத்தியவர். அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. கோபம் ஏற ஏற அவருக்குக் குரல் இறங்கும். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மடக்கி மேஜைமேல் வைத்துவிட்டால், எதிரில் நிற்பவர் யாராக இருந்தாலும் வீட்டுக்குப் போய்விடுவது நல்லது. பைண்டிங் செய்கிறவர்களைக்கூட 'வாங்க, போங்க' என்றுதான் கூப்பிடுவார். எழுதிக் கொடுக்கும் ஆசிரியர்களுக்குப் புத்தகம் விற்றாலும் விற்காவிட்டாலும் சொன்ன நாளில் பணம் போய்விடும்.

முதல் புரூஃபை இரண்டு பேர் படிப்போம். ஒருவர் கையெழுத்துப் பிரதியை உரக்க வாசிக்க, மற்றவர் அச்சைப் பார்த்துக்கொண்டு வருவார். கமா வந்தால் 'கமா' என்று சொல்லியே வாசிக்க வேண்டும். இரண்டாவது புரூஃபை நான் தனியாக, கடைசி வரியிலிருந்து மேல்நோக்கிப் படிப்பேன். பொருள் புரிந்து படித்தால் கண் பிழையைத் தாண்டிப் போய்விடும், அதற்காக. விடைப் பட்டியலுக்கு மட்டும் மூன்றாவது படிப்பு உண்டு. அதற்கு சாரே வந்து உட்காருவார். நான் கேள்வியை வாசிப்பேன். அவர் பட்டியலைப் பார்க்காமல் பதில் சொல்வார். அச்சில் இருப்பதும் அவர் சொன்னதும் ஒத்துப்போனால்தான் அடுத்த கேள்வி. ஒத்துப்போகாவிட்டால் பள்ளிப் பாடப் புத்தகத்தை எடுத்துவரச் சொல்வார்.

"ஒரு மார்க்குல வேல போயிடுதுங்க தேவகிம்மா," என்பார். "அந்த ஒரு மார்க்கு நம்மளால போவக் கூடாது."

செல்போனில் புத்தகம் படிக்கும் காலம் வந்ததும் எங்கள் தொழில் ஆட்டம் கண்டது. கைடு கடைக்கு வந்த அதே வாரத்தில் யாரோ பக்கம் பக்கமாக ஸ்கேன் செய்து ஏதாவது ஒரு செல்போன் செயலியின் சேனலில் போட்டுவிடுவார்கள். ஆயிரக்கணக்கில் ஆட்கள் இருக்கும் சேனல்கள். 'ஏழை மாணவர்களுக்கு இலவசம்' என்று மேலே எழுதியிருக்கும். கடைகளிலிருந்து புத்தகக் கட்டுகள் பிரிக்காமலே திரும்பி வந்தன. பைண்டிங்கில் இருந்த கன்னியம்மாவை நிறுத்த வேண்டி வந்தபோது சார் அவள் எதிரில் உட்கார முடியாமல் நின்றுகொண்டே பேசினார். அவள் போன பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு சொன்னார்: "புத்தகத்தப் பூட்டி வெச்சா யாரு படிப்பாங்கன்னு கேக்குறாங்க. பூட்டாம வெச்சா யாரு எழுதுவாங்கன்னு ஒருத்தரும் கேக்கலீங்க."

எனக்கு அப்போது புதிதாக ஒரு வேலை வந்து சேர்ந்தது. எங்கள் புத்தகம் இருக்கும் சேனல்களைத் தேடிக் கண்டுபிடித்து, 'இதன் உரிமை எங்களுடையது, நீக்கவும்' என்று அந்தச் செயலிக்காரர்களுக்கு மெயில் எழுதுவது. இணைப்பு, புத்தகத்தின் முதல் பக்கம், பதிவு எண் எல்லாம் சேர்த்து அனுப்ப வேண்டும். சில நாளில் சேனல் மறையும். அதே பெயரோடு ஒரு எண் சேர்ந்து மறுபடி முளைக்கும். காலையில் புரூஃப், மதியத்துக்குமேல் இந்த மெயில்கள் என்று ஆகிவிட்டது என் பிழைப்பு.

கொரோனாவுக்குப் பிறகு நாங்கள் போட்ட பெரிய புத்தகம் குரூப் நான்கு தேர்வுக்கான கைடு. சார் அதை மலைபோல் நம்பியிருந்தார். முதல் புரூஃபின் பிடிஎஃப்பைப் பாடம் எழுதிய வெளியூர் ஆசிரியர்களுக்கு மெயிலில் அனுப்பியிருந்தோம். அங்கிருந்து போனதோ, வழியில் எந்த பிரவுசிங் சென்டரில் தங்கியதோ, கடைசி வரை தெரியவில்லை. புத்தகம் அச்சுக்குப் போவதற்கு முன்பே அது சேனல்களில் வந்துவிட்டது. கம்ப்யூட்டரில் பக்கம் கோக்கும் டிடிபி பாபு செல்போனைக் கொண்டுவந்து காட்டினான். நான் சில பக்கங்களைத் தள்ளிப் பார்த்தேன்.

அது திருத்தாத பிரதி. அரசியலமைப்புப் பகுதியில் நடுவில் ஒரு கேள்வியை நாங்கள் எடுத்திருந்தோம். விடைப் பட்டியலில் அதற்குரிய பதிலை எடுக்க முதல் புரூஃபில் விட்டுப்போயிருந்தது. அதனால் அந்த இடத்திலிருந்து அந்தப் பகுதி முடியும் வரை எல்லா விடைகளும் ஒன்று தள்ளி இருந்தன. மூன்றாவது படிப்பில் நாங்கள் அதைப் பிடித்துச் சரிசெய்துவிட்டோம். கடைக்கு வந்த புத்தகத்தில் எல்லாம் சரி. ஊரெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது மட்டும் தப்பு.

சாரிடம் போய்ச் சொன்னேன். "மெயில் போட்டுகினே இருக்கேன் சார். எடுக்க எடுக்க வருது. அந்தப் பகுதிக்கு மட்டும் சரியான விடையை ஒரு பக்கமா அடிச்சி நாமே அதே சேனல்ல போட்டுடலாம். பசங்க தப்பாப் படிக்கிறாங்க."

அவர் கண்ணாடியைக் கழற்றவில்லை. யோசித்துத்தான் பதில் சொன்னார். "கடன ஒடன வாங்கி நம்ம புத்தகத்த வாங்குறவங்களும் இருக்காங்க. அவங்களுக்கு இன்னா மரியாத அது? எடுத்தவங்க வீட்டுக்கே போயி திருத்திக் குடுத்துட்டு வர்றதா?"

"படிக்கிறவங்க எடுக்கலீங்களே சார். அவங்களுக்கு வந்து சேர்ந்தது."

"வந்து சேர்ந்தத வேணாம்னு சொன்னவங்க யாருன்னு சொல்லுங்க, அவங்களுக்கு அனுப்பலாம்," என்றார். பேச்சு அதோடு முடிந்தது. அவர் சொன்னது தப்பு என்று அன்று என்னால் சொல்ல முடியவில்லை. இன்றும் முழுதாகச் சொல்ல முடியவில்லை.

இது நடந்து சில வாரங்கள் கழித்து ஒரு பெண் மாடியேறி வந்தாள். இருபத்தேழு, இருபத்தெட்டு வயது இருக்கும். முள்ளிப்பட்டு, பெயர் கோமதி என்றாள். வீட்டில் தறி. அப்பாவும் அவளும் நூல் கொடுத்து நெய்யச் சொல்லும் மாஸ்டர் வீவர் ஒருவருக்குக் கூலிக்குப் புடவை நெய்கிறவர்கள். புரூஃப் பார்க்கிறவர் யார் என்று விசாரித்து என் மேஜைக்கு வந்தாள்.

"அக்கா, உங்க கைடுல அரசியலமைப்புப் பாடத்துல பதில் எல்லாம் ஒண்ணு தள்ளி இருக்குதுக்கா. ஸ்கூல் புக்கு வெச்சிப் பார்த்தேன். உங்க கிட்ட சொன்னா அடுத்த தபா சரி பண்ணுவீங்கன்னுதான் வந்தேன்," என்றாள்.

எனக்குப் புரிந்துவிட்டது. "புஸ்தகம் எங்கம்மா வாங்குன?"

"வாங்கலக்கா. குரூப்ல வந்துச்சி." அவளுக்கு அதை மறைக்க வேண்டும் என்றே தோன்றவில்லை. "நாங்க பொண்ணுங்க ஒரு வாட்ஸ்அப் குரூப் வெச்சிகினு படிக்கிறோம். எங்க ஊரு, பெரணமல்லூரு, சுத்துப்பட்டு எல்லாம் இருக்காங்க. நான்தான் அதுக்கு அட்மின். அந்தப் பாடத்த மட்டும் படிக்காதீங்கன்னு எல்லாருக்கும் சொல்லிட்டேன்."

நான் அச்சான புத்தகத்தை எடுத்து அந்தப் பகுதியைத் திறந்து காட்டினேன். சரியான விடைகளை அவள் மளமளவென்று எழுதிக்கொண்டாள். எழுதி முடிக்கும்போதுதான் கவனித்தேன், சார் தன் அறை வாசலில் நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை.

"உக்காருங்கம்மா," என்றார். கீழேயிருந்து டீ வாங்கிவரச் சொன்னார். எதிரில் ஒரு நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்துகொண்டார். பஸ்ஸில் வந்தாளா, எத்தனையாவது முறை தேர்வு எழுதுகிறாள், அப்பா பெயர் என்ன என்று கேட்டார். குழுவில் எத்தனை பேர் என்று கேட்டார். "அந்த பைலக் கொஞ்சம் காட்டுறீங்களா?" என்றார். அவள் போனைத் திறந்து, தான் அதைக் குழுவுக்கு அனுப்பிய இடத்தையே காட்டினாள். சாரின் குரல் மிக மெதுவாக இருந்தது. கண்ணாடி மேஜைமேல் மடக்கிக் கிடந்தது. அவள் அதற்கெல்லாம் என்ன அர்த்தம் என்று தெரியாமல் டீயைக் குடித்துவிட்டு, "ரொம்ப தேங்க்ஸ் சார்," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினாள்.

போலீசில் புகார் கொடுக்கச் சொல்லி சாருக்குத் தெரிந்த வக்கீல் ஒருவர் முன்பே சொல்லியிருந்தார். யார் மேல் என்று பெயர் இல்லாத புகார் தூங்கிவிடும், ஒரு பெயராவது வேண்டும் என்பது அவர் யோசனை. இப்போது பெயர் கிடைத்துவிட்டது. தட்டச்சான புகார், பிழை பார்க்க என் மேஜைக்கே வந்தது. 'முள்ளிப்பட்டு, ஏகாம்பரம் மகள் கோமதி' என்று இருந்தது. நான் அதைக் கையில் எடுத்துக்கொண்டு சாரிடம் போனேன்.

"சார், இந்தப் பொண்ணு நமக்கு உதவி செய்ய வந்தது. எங்கியோ சேனல் நடத்துறவன விட்டுட்டு இவள எழுதுறது நியாயமா?"

"சேனல் நடத்துறவன் எந்த தேசத்துல இருக்கான்னு உங்களுக்குத் தெரியுமா, எனக்குத் தெரியுமா?" என்றார். "கூப்பிட்டு விசாரிப்பாங்க, பயந்துப்பாங்க. நாலு பேரு பார்த்து இனிமே அனுப்ப மாட்டாங்க. அவ்ளோதாங்க. யாரு குடும்பத்தையும் கெடுக்க நான் இத்தன வருஷம் தொழில் பண்ணல."

அவர் அதை நம்பித்தான் சொன்னார். ஆனால் புகார் என்பது கொடுத்தவர் நினைத்த இடத்தில் நிற்கிற பொருள் இல்லை. அது வழக்காகப் பதிவானது. கோமதியையும் அவள் அப்பாவையும் அழைத்து விசாரித்தார்கள். மரியாதையாகத்தான் நடத்தினார்கள் என்று பின்னால் அவளே சொன்னாள். போனைச் சாட்சிப் பொருளாக வாங்கி வைத்துக்கொண்டார்கள். அவள் எழுதிய குறிப்புகளெல்லாம் அந்தப் போனில்தான் இருந்தன. குழுவிலிருந்த பெண்கள் ஒவ்வொருவராக விலகிவிட்டார்கள். அவள் ஜாமீன் வாங்கி, ஊர்ப் பள்ளியில் பழைய பாடப் புத்தகங்களை இரவல் கேட்டு, தறியில் உட்காராத நேரத்தில் படித்துத் தேர்வு எழுதினாள்.

தேர்ச்சியும் பெற்றாள். அதை எனக்குப் போன் செய்து சொன்னது அவள்தான். வேறு யாருடைய போனிலிருந்தோ பேசினாள். "பாஸாயிட்டேன்க்கா. சர்டிபிகேட் பார்க்கக் கூப்பிட்டாங்க. அதுல உன் மேல கிரிமினல் கேஸ் எதுனா இருக்குதான்னு ஒரு கேள்வி. இருக்குதுன்னு எழுதிட்டேன். கேஸ முடிச்சி தாள் கொண்டாந்தாதான் மேல பார்ப்பாங்களாம். சார் கிட்ட கொஞ்சம் சொல்றீங்களா?"

சாரிடம் சொன்னேன். மேஜைமேல் விரித்திருந்த தாள்களை அடுக்கி ஓரமாக வைத்தார். பிறகு, "முள்ளிப்பட்டுக்குப் போயிட்டு வரலாம், வர்றீங்களா?" என்றார்.

வீட்டின் முன்னறை முழுக்கத் தறிதான். ஏகாம்பரம் எழுந்து எங்களுக்கு நாற்காலி போட்டார். சார் உட்காரவில்லை. "கேஸ வாபஸ் வாங்கிடறேங்க. இப்படி ஆவும்னு நான் நினைக்கல," என்றார்.

ஏகாம்பரம் தறிக்குழியின் ஓரத்தில் உட்கார்ந்துகொண்டார். "இங்க ஒரு வூட்ல புதுசா ஒரு பார்டர் போட்டா, பத்து நாள்ல எதிர் வூட்லயும் அதே பார்டர் ஓடும். நாங்களும் பேஜாராயி சத்தம் போடுவோம், ரெண்டு மாசம் மூஞ்சி குடுத்துப் பேச மாட்டோம். போலீசுக்குப் போனதில்லீங்க. போயிருக்கணுமோ இன்னாவோ, எனக்குத் தெரியல. நீங்க படிச்சவங்க," என்றார். குத்திக் காட்டுகிற குரல் இல்லை அது. உண்மையிலேயே அவருக்குத் தெரியாததைத்தான் சொன்னார். கோமதி எங்களுக்குத் தண்ணீர் கொடுத்துவிட்டு உள்ளே போனவள் திரும்பி வரவில்லை.

திரும்பும் வழியில் நேராக வக்கீல் வீட்டுக்குப் போனோம். அங்கேதான் எங்களுக்கு அந்தச் சட்டத்தின் கனம் தெரிந்தது. பதிப்புரிமைச் சட்டத்தில் அந்தப் பிரிவில் வழக்குப் போட்டுவிட்டால், போட்டவரே வந்து வேண்டாம் என்றாலும் கீழ்க் கோர்ட்டில் முடித்துக்கொள்ள முடியாதாம். உயர் நீதிமன்றத்துக்குப் போய் ரத்து வாங்க வேண்டுமாம்.

"போவலாம்," என்றார் சார். "செலவு என்னுது."

சென்னைக்கு சாரும் நானும் கோமதியுமாகப் பஸ்ஸில் போனோம். இந்தப் பெண்மீது எனக்கு எந்தக் குறையும் இல்லை என்று சார் பிரமாணப் பத்திரம் எழுதிக் கையெழுத்துப் போட்டார். பக்கத்தில் சாட்சியாக நான் போட்டேன். மனுவுக்கு எண் கிடைத்து, விசாரணைப் பட்டியலில் வந்து, தள்ளிப்போய், மறுபடி வந்து, தள்ளிப்போனது. ஒவ்வொரு முறையும் கோமதி போன் செய்வாள். ஜல்தியா முடியுமாக்கா என்று முதலில் கேட்டவள், பின்னால், இந்த வாரம் வருமாக்கா என்று மட்டும் கேட்டாள். அதன் பிறகு போன் வருவதும் நின்றது.

ரத்து உத்தரவு கிடைத்தபோது அந்தத் தேர்வுக்கான இடங்கள் நிரம்பி, பட்டியல் மூடப்பட்டிருந்தது. தேர்வாணைய அலுவலகத்தில் உத்தரவைப் படித்துவிட்டு, அடுத்த தேர்வை எழுதும்மா, இனி ஒரு தடையும் இல்லை என்று சொன்னார்களாம். அவர்கள்மேல் தப்பில்லை. அடுத்த தேர்வை அவள் எழுதினாள். தேறவில்லை. செய்யாறு பக்கம் ஷூ கம்பெனிக்கு வேலைக்குப் போக ஆரம்பித்தாள்.

சார் அதன் பிறகு புதிய புத்தகம் எதுவும் போடவில்லை. காரணம் கேட்டால், விற்பதில்லை என்பார். விற்காததும் உண்மைதான். மிச்சமிருந்த கட்டுகளைப் பள்ளிகளுக்குக் கொடுத்துவிட்டு மாடியைக் காலி செய்தோம். என் ஓய்வு அப்படி வந்தது. விழா எதுவும் இல்லை. சாவியை மண்டிக்காரரிடம் கொடுத்துவிட்டு இரண்டு பேரும் இரண்டு பக்கமாகப் போனோம். சார் இப்போது பெங்களூரில் மகன் வீட்டில் இருக்கிறார். பேசினால் உடம்பைப் பற்றி மட்டும் பேசுவார்.

அதன் பிறகு ஒரு நாள் சாயங்காலம் காய்கறி வாங்கிக்கொண்டு வரும்போது பஸ் நிறுத்தத்தில் கோமதியைப் பார்த்தேன். கம்பெனி அடையாள அட்டை கழுத்தில் தொங்கியது. நைட் ஷிப்டுக்குக் கிளம்பியிருந்தாள். என்னைப் பார்த்ததும் ஒதுங்கிவிடுவாள் என்றுதான் நினைத்தேன். அவளே கிட்டே வந்தாள்.

"அக்கா, உங்க கிட்டதான் ஒண்ணு கேக்கணும்னு இருந்தேன். ஒரு எடத்துல பொண்ணு பார்த்துட்டுப் போனாங்க. எல்லாம் புடிச்சிருக்குதுன்னாங்க. அப்புறம் வேணாம்னுட்டாங்க. இன்னான்னு விசாரிச்சா, மாப்பிள்ள என் பேர நெட்ல போட்டுப் பார்த்தாராம். கோர்ட்டு ஆர்டர் வருதாம்." போனை எடுத்துக் காட்டினாள். ஒரு சட்ட இணையதளம். முதல் பக்கத்தில் அவள் பெயர், அப்பா பெயர், ஊர், திருட்டு நகல், குற்ற எண். ரத்து செய்யப்படுகிறது என்ற வரி கடைசிப் பக்கத்தில் இருந்தது. "கடைசி பக்கம் வரைக்கும் யாரும் போவ மாட்டேங்கறாங்கக்கா. நீங்க பைல எடுக்கச் சொல்லி மெயில் போடுவீங்க இல்ல? எனக்காக இதுக்கு ஒண்ணு போடுங்களேன்."

வீட்டுக்குப் போய் அன்றே எழுதினேன். அந்த உத்தரவு ஒரு தளத்தில் இல்லை, பல தளங்களில் இருந்தது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக எழுதினேன். எழுத்து எழுத்தாகப் பார்த்துத்தான் அனுப்பினேன். பல இடங்களிலிருந்து பதில் இல்லை. ஓர் இடத்திலிருந்து மட்டும் மரியாதையாக ஒரு பதில் வந்தது. நீதிமன்ற உத்தரவுகளை வெளியிடுவது பதிப்புரிமை மீறல் ஆகாது, அவற்றை யார் வேண்டுமானாலும் நகலெடுக்கலாம், வெளியிடலாம், எனவே நீக்க இயலாது என்று எழுதியிருந்தார்கள். பெயரை மறைக்க வேண்டுமென்றால் நீதிமன்றத்தில்தான் மனுப் போட வேண்டுமாம்.

அதைப் போனில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவள் பஸ் ஏறும் நேரம் தெரியும். அங்கேயே போய் நின்று, பதிலைத் தமிழில் சொன்னேன். கோர்ட்டுக்கு மறுபடி போகலாமா என்று கேட்டேன். அவள் வேண்டாம் என்று தலையை ஆட்டினாள்.

"அப்ப, அத யாரு வேணா யாருக்கு வேணா அனுப்பிக்கலாமாக்கா?" என்று கேட்டாள்.

"அனுப்பிக்கலாம்மா," என்றேன்.

கம்பெனி பஸ் வந்தது. துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு ஏறினாள்.